பேயைப் பெட்டியில் அடைப்பதா, பேரைக் கேட்பதா?

காதல் படம் கல்யாணத்தோடு முடிந்துவிடும். சண்டைப்படம் வில்லன் விழுந்ததும் முடிந்துவிடும். பேய்ப்படத்துக்கு மட்டும்தான் செத்தவங்களுக்கே ரெண்டாம் பாகம் இருக்கு. ‘முனி’க்கு நாலு பாகம், ‘அரண்மனை’க்கு நாலு பாகம். ‘தில்லுக்கு துட்டு’ 2016, 2019 என்று ஓடி, பிறகு ‘டிடி ரிட்டர்ன்ஸ்’ என்று பேரை மாற்றிக்கொண்டு 2023இலும் வந்தது. லயத்தில் ஒரு வீட்டில் டிவி ஓட, நாலு வீட்டுப் பிள்ளைகள் வாசலில் குந்தியிருந்து பார்த்த படங்களில் பாதி இந்த வகைதான். பயமும் வரும், சிரிப்பும் வரும், ராத்திரி பீலிக்குப் போகத் துணைக்கு ஆளும் தேவைப்படும்.

பேய் ஏன் திரும்பத் திரும்ப வருது? “காசு பார்க்கத்தான்” என்பது சரியான பதில்தான். ஆனால் அது பாதிப் பதில். மிச்சப் பாதி சினிமாவுக்கு வெளியே, நம்ம மலைகளில் கிடக்குது. அதைத் தேடிப் போக, முதலில் கொஞ்சம் தூரமாய்ப் போய் வரணும்.

பேய் பிடிக்கிறவர்களை வைத்து எடுத்த நகைச்சுவைப் படங்களில் உலகம் முழுக்கத் தெரிந்தது ‘கோஸ்ட்பஸ்டர்ஸ்’. முதல் படம் 1984இல் வந்தது. இரண்டாவது 1989 ஜூனில். ரெண்டுக்கும் இயக்குநர் ஐவன் ரைட்மன். கதையை எழுதியவர்கள் டான் ஐக்ரொய்ட், ஹரோல்ட் ராமிஸ். அதில் நடித்ததும் அவர்களே, பில் மரேயோடு சேர்ந்து. ஐக்ரொய்டின் குடும்பத்தில் ஆவிகளோடு பேசும் கூட்டம் நடத்தியவர்கள் தலைமுறையாய் இருந்தார்கள். அந்த வீட்டுப் பிள்ளை எடுத்த கொமடிதான் இது.

அந்தப் படத்தில் பேய் பிடிப்பது ஒரு தொழில். போன் அடித்தால் வண்டி வரும், முதுகில் மெஷின், கையில் பொறி. பேயைப் பொறியில் பிடித்து, கொண்டுபோய் நிலவறைப் பெட்டியில் அடைத்துவிட்டு பில் போடுவார்கள். நீ யார், எப்படிச் செத்தாய் என்று கேட்கிற பழக்கம் அங்கே பெரிதாய் இல்லை. அதனால்தான் முதல் படத்தில் ஒரு அதிகாரி வந்து அந்தப் பெட்டியின் மின்சாரத்தை நிறுத்தியதும், அடைத்ததெல்லாம் நியூயோர்க் முழுக்கக் கிளம்பிவிடுகிறது.

இரண்டாம் பாகம் இன்னும் ஒரு படி கீழே இறங்குது, நிஜமாகவே நிலத்துக்குக் கீழே. நகரத்தின் அடியில், கைவிட்ட பழைய சுரங்கப்பாதையில், ஒரு இளஞ்சிவப்புக் கூழ் ஆறு மாதிரி ஓடுகிறது. மேலே மனிதர்கள் ஒருத்தரை ஒருத்தர் திட்டத் திட்ட, வெறுக்க வெறுக்க, கீழே அது பெருகும். அந்த வேகத்தில் நகரமெங்கும் செத்தவர்கள் எழும்புகிறார்கள். நீதிமன்றத்தில், தான் மரண தண்டனை கொடுத்த ரெண்டு பேர் முன்னாலேயே நீதிபதி நடுங்குகிறார். துறைமுகத்திலோ டைட்டானிக் வந்து நிற்கிறது. 1912இல் மூழ்கிய கப்பல், பக்கவாட்டில் ஓட்டையோடு, 77 வருசம் பிந்தி. பயணிகள் பெட்டி படுக்கையோடு வரிசையாய் இறங்கி வருகிறார்கள். சில வினாடிக் காட்சிதான், தியேட்டரில் எல்லாரும் சிரிக்கிற இடம்.

எனக்கு அந்த இடத்தில் சிரிப்பு நின்றுவிடும். நமக்கும் ஒரு கப்பல் இருக்கு. பேர் ஆதிலட்சுமி. 1864இல், கோப்பித் தோட்டங்களுக்கென்று தென்னிந்தியாவிலிருந்து சுமார் 120 தொழிலாளர்களை ஏற்றி வந்து கடலில் மூழ்கிய கப்பல். டைட்டானிக்கில் யார் எந்த வகுப்பில் வந்தார், யார் எந்தப் படகில் தப்பினார் என்று பேர் பேராய்ச் சொல்ல உலகத்தில் ஆள் இருக்கிறார்கள். ஆதிலட்சுமியில் வந்தவர்களில் ஒருத்தர் பேராவது நமக்குப் பாடமாய் வந்ததா? அந்தக் கப்பல் ஒருநாள் மன்னார்க் கரையில் வந்து நின்றால், இறங்கி வருகிறவர்களை என்ன பேர் சொல்லிக் கூப்பிடுவோம்?

இனி நம்ம சினிமாவுக்கு வருவோம். தமிழில் பயமும் சிரிப்பும் சேர்ந்து வந்தது இன்று நேற்றல்ல. 1964இல் ‘காதலிக்க நேரமில்லை’யில் நாகேஷ் கதை சொல்ல, பாலையா நடுங்குவாரே, அதில் பேயே கிடையாது. சொல்கிற விதத்தில்தான் பயம், கேட்கிறவர் முகத்தில்தான் சிரிப்பு. 2005இல் ‘சந்திரமுகி’ வந்தபோதும் நிஜப் பேய் இல்லை, மனநோய் என்று டொக்டர் விளக்கம் சொன்னார். ஆனாலும் அந்த நோயைத் தீர்க்க, பேயோட்டுகிற மாதிரி ஒரு சடங்கே நடத்த வேண்டியிருந்தது. 2007இல் ராகவா லாரன்ஸின் ‘முனி’யில் விளக்கம் போய், நிஜப் பேய் வந்தது. ராஜ்கிரண் நடித்த அந்தப் பேய், நம்பின அரசியல்வாதியாலேயே கொல்லப்பட்ட ஒரு ஏழை. 2011 ஜூலையில் வந்த ‘முனி 2: காஞ்சனா’தான் இந்த வகையைத் தூக்கி நிறுத்தியது. முதல் பாகத்தைவிட இரண்டாம் பாகம் பெரிதாய் ஓடியது. அதற்குப் பிறகுதான் ‘யாமிருக்க பயமே’, ‘அரண்மனை’ என்று வரிசை கட்டின.

காஞ்சனாவில் பேய் எங்கிருந்து வருது என்று யோசித்துப் பாருங்கள். ஒரு வெற்றுக் காணியிலிருந்து. பையன்கள் கிரிக்கெட் விளையாட ஸ்டம்ப்பை நிலத்தில் குத்துகிறார்கள், கீழே புதைந்திருக்கிறவர்களின் இரத்தம் அதில் ஒட்டிக்கொண்டு வீட்டுக்கு வருகிறது. சரத்குமார் நடித்த காஞ்சனா ஒரு திருநங்கை. வீட்டை விட்டுத் துரத்தப்பட்டவர். தன்னைப் போல இன்னொரு பிள்ளையைத் தத்தெடுத்து டொக்டருக்குப் படிக்க வைத்து, ஏழைகளுக்கு ஆஸ்பத்திரி கட்டவென்று காணி வாங்குகிறார். அதை ஒரு எம்.எல்.ஏ. பிடுங்கிக்கொள்கிறான். கேட்கப் போனவரைக் கொன்று அதே காணியில் புதைக்கிறான். அடைக்கலம் கொடுத்த பாயும் அவர் மகனும் கூடவே சாகிறார்கள்.

படத்தின் முக்கியமான இடம் எனக்குச் சண்டை இல்லை. பள்ளிவாசலில் நடக்கிற பேயோட்டல். அங்கே பேயைப் பிடித்து அடைப்பதோடு கதை முடியவில்லை. பேயிடம் கேட்கிறார்கள், அது தன் கதையைச் சொல்கிறது. கேட்டு முடிந்ததும், அதுவரை ராத்திரி ஒன்றுக்குப் போக அம்மாவைக் கூப்பிட்ட பயந்தாங்கொள்ளி ராகவா, “என் உடம்பை எடுத்துக்கொள்” என்கிற நிலைக்கு வந்துவிடுகிறான்.

இது சினிமா கண்டுபிடித்த வழக்கம் இல்லை. தோட்டத்தில் யாருக்காவது ‘காத்து கருப்பு’ அண்டிவிட்டது என்று கோடாங்கியைக் கூப்பிட்டால் அவர் என்ன செய்வார்? உடுக்கை அடித்து முதலில் கேட்பது மூன்று கேள்வி. நீ யாரு? எங்கிருந்து வந்த? ஒனக்கு என்ன வேணும்? பதில் வரும்வரை உடுக்கு நிற்காது. பேரைச் சொல்லாத பேயை ஓட்ட முடியாது என்பதுதான் அதன் சட்டம். பேய் இருக்கா இல்லையா என்பது வேறு விவாதம். நோய் வந்தால் ஆஸ்பத்திரிக்குத்தான் போகணும், அதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் அந்த மூன்று கேள்வியில் ஒரு நீதி இருக்கு. செத்தவருக்கும் ஒரு முறைப்பாடு இருக்கலாம், அதைக் கேட்டே ஆகணும் என்கிற நீதி.

சிரிப்பும் புதுசு இல்லை. நமக்குத் தெற்கே, சிங்களக் கிராமங்களில், ‘தஹஅட்ட சன்னிய’ என்று பதினெட்டு நோய்ப் பேய்களுக்கு முகமூடி கட்டி விடியவிடிய ஆடுவார்கள். ராத்திரி முழுக்கப் பயங்காட்டின பேய், விடியப்போகிற நேரத்தில் மேளக்காரனிடம் வாய் கொடுத்து மாட்டிக்கொண்டு கோமாளி ஆகும். நோயாளியே சிரித்துவிடுவார். மானிடவியல் ஆய்வாளர் புரூஸ் கப்ஃபெரர் 1983இல் வெளியிட்ட தன் நூலில், அந்தச் சிரிப்பு மருந்தின் ஒரு பகுதி என்று விளக்கினார். பேய் பெரிதாய்த் தெரிகிறவரை மனுசன் நோயாளி. பேயைப் பார்த்துச் சிரிக்க முடிந்தால் அவன் பழையபடி ஊரோடு சேர்ந்துவிட்டான். ஆக, பேய் நகைச்சுவை என்பது ஹொலிவுட்டிலிருந்து இறக்குமதியான சரக்கு இல்லை.

ஆனால் யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம்? காஞ்சனாவின் முதல் பாதியில் சேலை கட்டின ஆம்பளையைப் பார்த்துத்தான் சிரிப்பு. தமிழ் சினிமா திருநங்கைகளை வைத்து ரொம்பக் காலமாய்ச் செய்த அதே கேலி. பிற்பாதியில் அந்தக் கேலிக்குள்ளான உடம்பே எழும்பி நின்று தன் கதையைச் சொன்னதும், சிரித்தவர்கள் வாய் மூடுகிறது. தமிழ்நாட்டில் திருநங்கையர் நலவாரியம் வந்தது 2008இல். இந்திய உச்ச நீதிமன்றம் மூன்றாம் பாலினத்தை ஏற்றுக்கொண்டது 2014இல். நடுவில் வந்த இந்தப் படம் புரட்சி இல்லை, கேலியையும் விடவில்லை. ஆனாலும் ஒரு வேலை செய்தது. சிரிக்கப்பட்டவருக்குக் கடைசியில் மைக்கைக் கொடுத்தது. டவுன் பஸ்ஸில் “தோட்டக்காட்டான்” என்ற சொல்லைக் கேட்டு வளர்ந்த நமக்கு, இந்த வித்தியாசத்தை யாரும் விளக்கத் தேவையில்லை.

இன்னொன்றும் இருக்கு. சினிமாவுக்கு முனி என்றால் பேய். நமக்கு முனி காவல்காரன். தேயிலை ஸ்டோரில் மெஷின் ஓடுவதைக் காக்க ரோதை முனி, கவ்வாத்துக் கத்தி கையை வெட்டாமல் இருக்கக் கவ்வாத்துச் சாமி. நிர்வாகம் தராத பாதுகாப்பை மரத்தடியில் ஒரு கல்லை நட்டுத் தேடிக்கொண்ட சனம் நாங்கள். இந்தச் சாமிகளின் பட்டியலைப் பார்த்தாலே எந்த எந்த வேலையில் ஆட்கள் பயந்தார்கள் என்று தெரியும்.

பலாங்கொடை என்றால் வெளியூர்க்காரருக்கு உடனே ஞாபகம் வருவது ‘பலாங்கொடை மனிதன்’. பி.இ.பி. தெரணியகல என்ற அறிஞர் நம்ம ஊர்ப் பேரை வைத்து அழைத்த, முப்பதாயிரம் வருசத்துக்கும் முந்தின மனிதர்கள். குருவிட்டைப் பக்கம் பட்டதொம்பலென குகையிலும் வேறு இடங்களிலும் அவர்களின் எலும்பு கிடைத்தது. எந்தக் கல்லைக் கொண்டு ஆயுதம் செய்தார்கள், என்ன சாப்பிட்டார்கள் என்று ஆராய்ச்சி நடக்கிறது, நடக்கவும் வேணும். ஆனால் அதே மலைகளில் நூறு, நூற்றைம்பது வருசத்துக்குள் செத்து, தேயிலைக்கு நடுவே புதைந்த நம்ம பூட்டன் பூட்டிக்கு ஒரு பேர்ப்பலகை இல்லை. குகைக்குள் இருந்தவர் வரலாறு ஆனார், லயத்துக்குள் இருந்தவர் ஆகவில்லை.

இந்த மாவட்டத்து மண் நம்மை மட்டும் மறைக்கவில்லை. ‘கோஸ்ட்பஸ்டர்ஸ் 2’ அமெரிக்காவில் ஓடின அதே 1989இல் எம்பிலிப்பிட்டியவில் பாடசாலை மாணவர்கள் காணாமல் ஆக்கப்படத் தொடங்கினார்கள். சிங்களப் பிள்ளைகள். 1994இல், இதே இரத்தினபுரி மாவட்டத்துச் சூரியகந்தவில் ஒரு மனிதப் புதைகுழி தோண்டப்பட்டது. அந்தப் பிள்ளைகளின் பெற்றோர் விடாமல் கேட்டதால்தான் வழக்கு நடந்து தண்டனையும் வந்தது. 1977, 1981, 1983 என்று நம்ம லயங்கள் எரிந்ததைப் பற்றிப் பேசும்போது இதையும் சேர்த்துப் பேசணும். நிலத்துக்குக் கீழே ஓடுகிற அந்தக் கூழ் ஒரு இனத்துக்கு மட்டும் சொந்தம் இல்லை.

காஞ்சனா கேட்டது ஒரு துண்டுக் காணி. படம் முடியும்போது அந்த இடத்தில் ஆஸ்பத்திரி எழும்புகிறது. 1948இல் குடியுரிமைச் சட்டத்தால் நாடற்றவர்களாக்கப்பட்டு, 1964 சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தில் இத்தனை இலட்சம் அங்கே, இத்தனை இலட்சம் இங்கே என்று பங்கு பிரிக்கப்பட்ட நம்ம ஆட்கள் இன்னும் கேட்டுக்கொண்டிருப்பதும் அதுதான். ஏழு பேர்ச்சா, பத்துப் பேர்ச்சா, உறுதி கையில் வருமா வராதா என்ற பேச்சு ஒவ்வொரு தேர்தலுக்கும் ரெண்டாம் பாகம், மூன்றாம் பாகம் என்று திரும்பி வருது. முதல் பாகத்தில் தீர்க்காத கணக்கு அடுத்த பாகத்தில் வந்து நிற்கும். பேய்ப்படங்கள் நமக்குச் சொல்லித் தந்த வரலாற்று விதி இதுதான்.

2023 ஜூலை 28இல் ‘டிடி ரிட்டர்ன்ஸ்’ வெளியானது. பங்களாவுக்குள் சந்தானம் பேயோடு விளையாடின படம். அன்றைக்கே தலைமன்னாரில் வேறொரு பயணம் தொடங்கியது. மலையகத்துக்கு 200 வருசம் ஆனதை நினைத்து, முன்னோர்கள் நடந்த பாதையிலேயே ஆட்கள் நடந்து, ஓகஸ்ட் 12இல் மாத்தளைக்கு வந்து சேர்ந்தார்கள். வழியில் நோயிலும் பசியிலும் விழுந்து, அந்தக் காட்டிலேயே விடப்பட்டவர்களுக்காகவும் அந்த நடை. பேயைப் பெட்டியில் அடைக்கிற வேலை இல்லை அது. உடுக்கு இல்லாமல் கோடாங்கி கேட்கிற கேள்வியைக் கேட்டது. நீ யாரு? எங்கிருந்து வந்த? ஒனக்கு என்ன வேணும்?

அடுத்த தைப்பொங்கலுக்கோ தீபாவளிக்கோ கொழும்பிலிருந்து வீட்டுக்குப் போனால், டிவியில் கட்டாயம் ஏதாவது ஒரு பேய்ப்படம் ஓடும். நல்லாச் சிரித்துப் பாருங்கள். விளம்பரம் போகிற நேரத்தில் பக்கத்தில் இருக்கிற அம்மாயியிடமோ அப்பாயியிடமோ கேளுங்கள். உங்க அம்மா பேரு என்ன? அவங்க அம்மா பேரு? எந்த ஊரிலேருந்து வந்தாங்க? எந்த மலையில பொதைச்சீங்க? சொல்லச் சொல்ல ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள். ரெண்டு பேர் கிடைத்தாலும் போதும்.