நகத்தவளையின் நெடும்பயணம்

தென்னாப்பிரிக்கக் குளங்களில் வாழ்ந்த நகத்தவளையைக் கடல் கடக்கச் செய்தது மருத்துவமே. கருவுற்ற பெண்ணின் சிறுநீரை உட்செலுத்தினால் பெண்தவளை ஒரு நாளுக்குள் முட்டையிடும் என 1930-களில் கேப்டவுன் அறிஞர்கள் நிறுவினர். அதன்பின் அது ஆயிரக்கணக்கில் கப்பலேறியது. 1960-களில் புதிய சோதனைகள் வந்ததும் அப்பணி ஓய்ந்தது; ஆயினும் ஆய்வுக்கூடங்களிலும் வீட்டுக் கண்ணாடித் தொட்டிகளிலும் தவளை நிலைத்துவிட்டது.

வளர்ப்பு முறை எளிதே: குளோரின் நீங்கிய நீர், இறுக்கமான மூடி, அளவான உணவு. ஆனால் அது 15 ஆண்டுகளுக்கு மேலும் வாழக்கூடும். சலித்தோர் வெளியே விட்டவையும் தப்பியவையும் கலிபோர்னியா, சிலி முதலிய இடங்களில் பெருகி, அந்நாட்டு நீர்வாழ் உயிர்களை இரையாக்குகின்றன. ஆதலின் நேயர்களே, விருந்தாளியாக வந்த உயிரை இறுதிவரை பேணுவோம். அயல் குளத்தில் விடுவதைக் கருணையென்று நாம் கருதலாகாது.