கரைத்துக் குடித்த புத்தகம்

ஒரு விஷயத்தில் கெட்டிக்காரனாக இருப்பவனை ‘கரைத்துக் குடித்தவன்’ என்கிறோம். பழைய எகிப்துக் கதை ஒன்றில் ஒருவன் நிஜமாகவே அதைச் செய்கிறான். புத்தகத்தின் ஒவ்வொரு சொல்லையும் புது பாப்பிரஸ் தாளில் எழுதி, பியரில் ஊறவைத்து, தண்ணீரில் கரைத்துக் குடிக்கிறான். அவ்வளவுதான், உள்ளே இருந்ததெல்லாம் அவனுக்குத் தெரிந்துவிடுகிறது.

அவன் பெயர் நநெஃபர்கப்தா. அரசகுமாரன். அந்தப் புத்தகம், எழுத்தின் கடவுளான தோத் தன் கையால் எழுதியது. மொத்தமே இரண்டு மந்திரங்கள். முதலாவதைப் படித்தால் வானமும் பூமியும் மலையும் கடலும் வசப்படும், பறவைகள் பேசுவது புரியும். இரண்டாவதைப் படித்தால் செத்த பிறகும் பழைய உருவத்தோடு எழுந்துவந்து சூரியனைப் பார்க்கலாம்.

ஏழு கடல் தாண்டி, கிளிக்குள் உயிர் இருக்கும் கதையைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு அடுத்தது ஆச்சரியமாக இருக்காது. கோப்தோஸ் ஊர்ப்பக்கம் ஆற்றுக்கு அடியில் இரும்புப் பெட்டி. அதற்குள் பெட்டி, அதற்குள் பெட்டி என்று போய், கடைசியாகத் தங்கப் பெட்டிக்குள் புத்தகம். காவலுக்குச் சாகாத பாம்பு. வெட்ட வெட்ட ஒட்டிக்கொள்கிறது. மூன்றாவது முறை வெட்டியதும் இரண்டு துண்டுக்கும் நடுவில் மணலைப் போடுகிறான். இதை யோசித்த கதைசொல்லிக்கு ஒரு சலாம்.

இதில் பாதி வெறும் கற்பனையில்லை. மந்திர எழுத்துகள் பொறித்த சிலைமேல் தண்ணீர் ஊற்றி, வழிந்துவருவதைக் குடித்தால் பாம்புக்கடியும் தேள்கடியும் குணமாகும் என்று எகிப்தியர்கள் நிஜமாகவே நம்பினார்கள். கெய்ரோ அருங்காட்சியகத்தில் கி.மு. 4ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த ஜெத்ஹோர் சிலை இருக்கிறது. உடம்பெல்லாம் எழுத்து. தண்ணீர் தேங்குவதற்குக் கீழே ஒரு தொட்டி. நான் எழுத்தை வைத்து இயந்திரங்களை வேலை வாங்கிப் பிழைப்பவன். சரியான சொல்லைச் சரியான வரிசையில் வைத்தால் உலகம் சொன்னபடி கேட்கும் என்ற ஆசை எனக்குப் புதிதில்லை.

ஆனால் கதை அந்த ஆசையோடு நிற்கவில்லை. திருட்டைப் பற்றி தோத் சூரியக் கடவுளிடம் முறையிடுகிறார். படகில் திரும்பும்போது மகன் மெரிப் நைல் நதியில் விழுந்து சாகிறான். பிறகு அதே இடத்தில் மனைவி அஹ்வெரே. இருவரையும் கோப்தோஸிலேயே புதைத்துவிட்டுத் தனியாகக் கிளம்பும் நநெஃபர்கப்தா, புத்தகத்தை உடம்போடு கட்டிக்கொண்டு தானும் நதியில் மூழ்குகிறான். அவன் கல்லறை பல நூறு கிலோமீட்டர் தள்ளி, மெம்ஃபிஸில். வானத்தையே வசப்படுத்தும் மந்திரம் தெரிந்தவனால் ஒரு குழந்தையைக் காப்பாற்ற முடியவில்லை.

வெகுகாலம் கழித்து செத்னே என்ற இளவரசன் அந்தக் கல்லறைக்குள் நுழைந்து புத்தகத்தைக் கேட்கிறான். வேண்டாம், இதற்காக எங்கள் உயிரே போனது என்று அஹ்வெரேயின் ஆவி நடந்ததையெல்லாம் சொல்கிறது. அவன் கேட்கவில்லை. எடுத்துக்கொண்டு போய் பார்ப்பவர்களிடமெல்லாம் படித்துக் காட்டுகிறான். கடைசியில் ஒரு மாயத் தோற்றத்தில் மானம் மரியாதை எல்லாம் இழந்து, தலையில் தீச்சட்டியோடு வந்து புத்தகத்தைத் திருப்பி வைக்கிறான். அப்போது நநெஃபர்கப்தா ஒன்றே ஒன்று கேட்கிறான்: என் மனைவியையும் மகனையும் இங்கே கொண்டுவா.

எனக்குக் கதையின் உயிர் இதற்குப் பிறகுதான். செத்னே கோப்தோஸ் இடுகாட்டில் மூன்று பகல், மூன்று இரவு ஒவ்வொரு கல்லாகப் படித்துப் பார்க்கிறான். கல்லறை அகப்படவில்லை. கடைசியில் ஒரு கிழவர் வருகிறார். என் முப்பாட்டன் சொல்லிச் சொல்லி வந்த சேதி, இந்தக் காவல் அதிகாரி வீட்டின் தெற்கு மூலைக்கு அடியில்தான் அவர்கள் இருக்கிறார்கள் என்கிறார். வீட்டுக்காரன்மேல் பழைய பகையோ என்று செத்னேவுக்குச் சந்தேகம். என்னைக் காவலில் வைத்துவிட்டு இடித்துப் பாருங்கள் என்கிறார் கிழவர். இடிக்கிறார்கள். இருக்கிறார்கள். கிழவர் வேறு யாருமல்ல, உருமாறி வந்த நநெஃபர்கப்தாவேதான். மந்திரம் தெரிந்த அந்த ஆள்கூட இடத்தைக் காட்டுவதற்கு ‘முப்பாட்டன் சொன்னார்’ என்றுதான் ஆரம்பிக்க வேண்டியிருக்கிறது.

செத்னே ஒரு நிஜ மனிதர். இரண்டாம் ராம்செஸின் மகன் காயெம்வாசெத், கி.மு. 13ஆம் நூற்றாண்டில் மெம்ஃபிஸில் ப்தா கோயிலின் தலைமைப் பூசாரி. அவருடைய பூசாரிப் பட்டம் திரிந்துதான் செத்னே என்ற பெயர் வந்தது. ஊனாஸ் மன்னரின் பிரமிடில் பெயர் அழிந்துபோயிருந்ததைப் பார்த்து அதைத் திரும்பப் பொறித்தவர். தன் காலத்துக்குச் சுமார் 1300 வருஷம் முந்தைய கூஃபு மகன் கவாபின் சிலையைக் கண்டெடுத்து, அந்தச் சேதியைச் சிலையிலேயே எழுதி வைத்தவர். கல்லறைகளைச் சுற்றிவந்த அந்த மனிதரை மக்கள் மறக்கவில்லை. 900 வருஷத்துக்கும் மேலாகி, தாலமி மன்னர்கள் காலத்துப் பாப்பிரஸில் அவர் கல்லறை புகுந்து திருடுபவராக வருகிறார். ஆனாலும் முடிவில் அவர் செய்வது அவருடைய பழைய வேலைதான். தொலைந்துபோனவர்களைத் தேடிக் கண்டுபிடிப்பது.

கெய்ரோவில் இருக்கும் அந்தப் பாப்பிரஸில் முதல் இரண்டு பக்கங்கள் இல்லை. செத்னே எதற்காகத் தேடிப் புறப்பட்டார் என்பது அதோடு போயிற்று. மிஞ்சியிருப்பது மூன்றாம் பக்கத்திலிருந்து. அது திறக்கும்போது, புத்தகத்தை ஏன் தொடக்கூடாது என்று அஹ்வெரே சொல்லிக்கொண்டிருக்கிறாள்.