இழந்த நிலமும் கலைஞர் வரலாறும்

நிலம் இழந்த கலைஞரின் வரலாற்றை எழுதுவார் யார்? அரசு ஆவணங்கள் குடிபெயர்ந்தோரை எண்ணுமேயன்றி, அவர்தம் கூத்தையும் இசையையும் குறிப்பதில்லை. அக்குறையை, தாமும் நிலம் இழந்த ஒரு படைப்பாளர் நிரப்பியமையை ஈண்டு ஆராய்வோம். அவர் வங்கத் திரைப்பட இயக்குநர் ரித்விக் கட்டக் (1925–1976).

டாக்காவில் பிறந்த கட்டக், பத்மை ஆற்றங்கரையிலுள்ள ராஜசாகியில் இளமையைக் கழித்தார். 1947 ஆம் ஆண்டுப் பிரிவினையால் அவர் பிறந்த மண் அயல்நாடாயிற்று. 1943 இல் தோன்றிய இந்திய மக்கள் நாடக மன்றத்தில் அவர் தொண்டாற்றினார். கருத்து வேறுபாடுகளால் அவ்வியக்கம் பிளவுற்றதையும் நேரிற் கண்டார். இவ்விரு பிரிவுகளையும் ஒருங்கே காட்டுவது, 1961 இல் வெளிவந்த 'கோமல் காந்தார்' என்னும் படமாகும். நம் இசைமரபில் சாதாரண காந்தாரம் எனப்படும் சுரத்தின் பெயரே அது.

படத்தின் பொருள் இரு நாடகக் குழுக்களின் பூசலும், அவை கூடிச் சாகுந்தலம் நடிக்க முயன்று தோற்பதுமாகும். பத்மைக் கரையில் நின்று தலைவனும் தலைவியும் எதிர்க்கரையை நோக்குகின்றனர். அங்கே வீடு உண்டு, செல்ல வழியில்லை. ஒருகாலத்தில் இருகரையையும் இணைத்த இருப்புப்பாதை இடையிலே முடிந்துவிடுகிறது. ஒளிப்படக்கருவி அப்பாதைமீது விரைந்தோடி முட்டி நிற்க, திரை இருள்கிறது.

இது கற்பனைக் கதையாதலின் வரலாற்றுச் சான்றாகாது எனச் சிலர் கூறலாம். அவர்கள் நடித்தோரையும் இசைத்தோரையும் நோக்குக. நிலம் துறக்க மறுக்கும் முதியவராக மேடையில் தோன்றுபவர், 'நபான்ன' நாடகம் இயற்றிய பிஜோன் பட்டாச்சாரியர், ஃபரித்பூரில் பிறந்தவர். இசையமைத்த ஜோதிரிந்திர மைத்ரர் பாப்னாவினர். பாடகர் தேவபிரத விசுவாசும் கிழக்கு வங்கத்தவரே. எனவே கதை புனைவாயினும் முகமும் குரலும் புனைவல்ல. 1973 இல் கட்டக், கல்கத்தாவில் வாழ்ந்து தன் ஆற்றங்கரை ஊரை எழுதிய அத்வைத மல்லபர்மனின் 'திதாஸ்' புதினத்தை வங்கதேசத்திற் சென்று படமாக்கியதும் இவ்வுணர்வின் தொடர்ச்சியே.

தமிழர்க்கு இந்நெறி புதிதன்று. பாரி மாய்ந்தபின் அவன் மகளிரை உடன்கொண்டு பறம்பு நீங்கிய கபிலர், மலையைத் திரும்பி நோக்கிப் பாடியவை புறநானூற்றில் உள்ளன. அவை நாட்குறிப்பல்ல, எனினும் பாரியின் வரலாறு எழுதப்புகுவோர் அவற்றை விலக்க இயலாது. ஆண்டும் நாளும் அறியப் படம் உதவாது என்பது மெய்யே. இழப்பு எத்தகையது என்பதற்கு அதுவே தலையாய சான்று.

சித்தையன்கோட்டையிலிருந்து மேற்கே நோக்கின் கொடைக்கானல் மலைகள் தோன்றும். 1964 ஆம் ஆண்டுச் சிரிமாவோ–சாத்திரி உடன்படிக்கையின்படி இலங்கைத் தேயிலைத் தோட்டங்களை விட்டு வந்தோர் பலர் அம்மலைகளிற் குடியேறினர். அவர் மரபில் காமன் கூத்து உண்டு. அக்கூத்தை ஆடியோர் யாவர், இங்கு வந்தபின் அது என்னாயிற்று என வினவும் கடமை நமக்குண்டு. நேரிற் கண்ட முதியோர் குறைந்துவருகின்றனர். ஏட்டிலும் கல்லிலும் சான்று தேடப் பழகிய நம் மாணவர், இனி அவர்தம் நாவிலும் தேடுவாராக.