கத்தரிக்கோல் ஏந்திய கலைஞர்

கினிகத்தேனையிலிருந்து அவிசாவளை நோக்கி இறங்கும் வீதியிலே கித்துள்கலை இருக்கிறது. அங்கே களனி கங்கையின் குறுக்கே மரப்பாலமொன்றைக் கட்டி, 1957ஆம் ஆண்டில் வெடிவைத்துத் தகர்த்தார்கள். 'குவாய் நதிப் பாலம்' என்னும் ஆங்கிலப் படத்துக்காக நிகழ்ந்த காரியம் அது. அப்படம் பெற்ற ஏழு ஒஸ்கார் விருதுகளுள் ஒன்று பீற்றர் ரெய்லர் என்பவருக்கு உரியது. அவர் நடிகருமல்லர், நெறியாளருமல்லர், படத்தொகுப்பாளர். நெருங்கிவரும் புகைவண்டியின் ஓசை, நீர் வற்றியதால் வெளிப்பட்டுவிட்ட வெடிக்கம்பி, அதனைக் கண்டுகொள்ளும் தளபதியின் முகம் ஆகியவற்றைத் தனித்தனித் துண்டுகளாகவே கமெரா பிடித்தது. அவை அடுத்தடுத்து வரும் ஒழுங்கே நம் நெஞ்சைப் பதைக்கச் செய்கிறது. பாலத்தை நினைப்போர் பலர்; ரெய்லரை நினைப்போர் எத்தனை பேர்?

முப்பத்தைந்து மில்லிமீற்றர் சுருளில் ஒரு நிமிடக் காட்சிக்குத் தொண்ணூறு அடி படச்சுருள் வேண்டும். மலைபோற் குவியும் சுருளிலிருந்து வேண்டியதை வெட்டி ஒட்டுவது பொறுமையை விழுங்கும் வேலை. 1947இல் வெளிவந்த முதற் சிங்களப் பேசும்படமான 'கடவுணு பொரொந்துவ' தென்னிந்தியாவிலேதான் உருவாயிற்று. 1956இல் லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிஸ் 'ரேகாவ'வை இலங்கை மண்ணிலேயே படமாக்கியபோது, அதனைத் தொகுத்தவர் அவருடன் அரசாங்கத் திரைப்படப் பிரிவை விட்டு வெளியேறிய ரைற்றஸ் தொட்டவத்த.

அவருக்குப் பின் அம்மேசைக்கு வந்தவர் ஒரு பெண்மணி என்பது நேயர்கள் கருத்திற் கொள்ளத்தக்கது. மேற்சொன்ன வீதி சென்றடையும் அவிசாவளைப் பகுதியிலே புகழ்பெற்ற குணவர்தன குடும்பத்தில் 1934இல் பிறந்த சுமித்ரா, லண்டனிலே திரைப்படத் தொழினுட்பம் பயின்று திரும்பி, 'சந்தேசய' (1960) படத்தில் உதவி நெறியாளரானார். ஆடவரே நிறைந்த தொழில் அது. 1963இல் 'கம்பெரலிய'வைத் தொகுத்தார்; அடுத்த ஆண்டு லெஸ்ரரை மணந்தார்.

மார்ட்டின் விக்கிரமசிங்கவின் நாவலைத் தழுவிய அப்படத்திலே சண்டையில்லை, நடனமில்லை. பெருங்குடியொன்று மெல்லச் சாய்கிறது, அவ்வளவே. இத்தகைய படத்திலே வெட்டுவதிலும் கடினம் வெட்டாதிருப்பது. ஒரு மௌனத்தை ஒரு கணம் முந்தி நறுக்கினால் துயரம் உதிர்ந்துவிடும். பிந்தினால் பார்ப்பவர் கொட்டாவி விடுவர். 1965இல் புதுடில்லித் திரைப்பட விழாவிலே 'கம்பெரலிய' தங்கமயில் விருது பெற்றது. புகழ் நெறியாளருக்கும் நாவலாசிரியருக்குமே பெரிதும் சென்றது. அதனை அநீதியென்று சொல்லலாமா? தையல் தெரியாதிருப்பதுதானே நல்ல தையலுக்கு அடையாளம்!

'கொளு ஹதவத' (1968), 'அக்கர பஹ' (1969) முதலியனவும் அவர் தொகுத்தவை. 1978இல் 'கெஹெனு லமாய்' வாயிலாகத் தாமே நெறியாளரானார். கிராமத்துப் பெண்ணொருத்தியின் நிறைவேறாத காதலைச் சொல்லும் படம் அது. சுமித்ரா 2023 ஜனவரியிற் காலமானார். புதுக்கிச் செப்பனிட்ட அவருடைய அம்முதற்படம் 2025இல் கான் விழாவின் பழம்படப் பிரிவிலே மீண்டும் திரையேறிற்று.