சிக்கன் ஆல்ஃபிரெடோ

சிக்கன் ஆல்ஃபிரெடோ (கோழி ஆல்ஃபிரெடோ) என்பது பாஸ்தா, பாலாடைக்கட்டி (சீஸ்) கலந்த வெண்ணிறச் சாஸ், வாணலியில் வாட்டிய கோழிக்கறி ஆகியவற்றைச் சேர்த்துப் பரிமாறப்படும் ஓர் உணவு ஆகும். உலகெங்கும் உள்ள உணவகப் பட்டியல்களில் இது இத்தாலிய உணவாகவே இடம்பெறுகிறது. எனினும் இதன் அடிப்படை மட்டுமே இத்தாலியின் உரோம் நகரில் தோன்றியது. பாலேடும் (கிரீம்) கோழிக்கறியும் அமெரிக்காவில் சேர்ந்தவை. இந்தியாவில் பாலேட்டின் இடத்தைப் பெரும்பாலும் மைதாவும் பாலும் பிடித்துக்கொண்டன. ஒரே பெயரில் மூன்று வேறு உணவுகள் வழங்கிவருவதால், உணவகத்தில் உண்ட சுவையை வீட்டில் கொண்டுவர முயல்வோர், தாம் உண்டது எந்த வகை என்பதை முதலில் அறிந்துகொள்வது தேவையாகிறது.

வரலாறு

இவ்வுணவின் பெயர், உரோம் நகர உணவக உரிமையாளரான ஆல்ஃபிரெடோ டி லேலியோ என்பவரின் பெயரிலிருந்து வந்தது. வெண்ணெயும் பாலாடைக்கட்டியும் மட்டும் கலந்த பாஸ்தாவை உண்பது இத்தாலியில் நெடுங்காலமாக உள்ள வழக்கம். மகப்பேற்றுக்குப் பின் உடல் தளர்ந்திருந்த தம் மனைவிக்காக ஆல்ஃபிரெடோ அதனை வழக்கத்தினும் கூடுதலான வெண்ணெய் சேர்த்துச் செய்தார் என அவரது குடும்பத்தார் கூறுவர். அவர் 1914ஆம் ஆண்டில் உரோமின் வியா டெல்லா ஸ்க்ரோஃபா தெருவில் தம் பெயரிலேயே உணவகம் ஒன்றைத் திறந்தார்.

1920ஆம் ஆண்டில் ஆலிவுட் நடிகர்களான மேரி பிக்ஃபோர்டு, டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ் இணையர் தேனிலவுப் பயணத்தில் அங்கு உணவு உண்டனர். பின்னர் அவர்கள் பொன்னாலான கரண்டியையும் முள்கரண்டியையும் ஆல்ஃபிரெடோவுக்குப் பரிசளித்தனர் என்பர். இதன் மூலம் அமெரிக்கர்களிடையே இவ்வுணவு பெயர் பெற்றது. அமெரிக்காவில் இதனுடன் பாலேடு சேர்க்கும் வழக்கம் பரவியது; பின்னர் கோழிக்கறியும் சேர்ந்தது. 1982இல் புளோரிடா மாநிலத்தில் தொடங்கப்பட்ட ஆலிவ் கார்டன் போன்ற தொடர் உணவகங்கள் இதனைப் பரவலாக்கின.

இத்தாலியில் பாஸ்தா முதல் உணவாகவும் இறைச்சி இரண்டாம் உணவாகவும் தனித்தனியே பரிமாறப்படுவது மரபு. எனவே பாஸ்தாவின் மேல் கோழிக்கறியை வைத்து உண்பது அங்கு அரிது. அமெரிக்கப் பயணிகள் நாடிவரும் சில உணவகங்களைத் தவிர்த்தால், ஆல்ஃபிரெடோ என்ற பெயரும் இத்தாலியில் அதிகம் வழங்குவதில்லை.

வகைகள்

உரோம் முறை: ஃபெட்டுச்சினி எனப்படும் நாடா வடிவப் பாஸ்தா, வெண்ணெய், நன்கு துருவிய பார்மிஜானோ ரெஜானோ பாலாடைக்கட்டி, பாஸ்தா வெந்த நீர் ஆகியவை மட்டுமே சேரும். நீரில் கரைந்துள்ள மாச்சத்து, வெண்ணெயின் கொழுப்பையும் நீரையும் பிரியாமல் பிணைத்து வைக்கிறது.

அமெரிக்க முறை: வெண்ணெய், பூண்டு, பாலேடு ஆகியவற்றைச் சூடாக்கிப் பாலாடைக்கட்டி கலந்து சாஸ் செய்யப்படுகிறது. வாட்டிய கோழி நெஞ்சுக்கறி மேலே வைக்கப்படுகிறது.

இந்திய முறை: வெண்ணெயில் மைதாவை வறுத்துப் பால் ஊற்றிக் காய்ச்சும் வெள்ளை சாஸே இதன் அடிப்படை. இது பிரெஞ்சுச் சமையலின் பெஷமெல் சாஸ் ஆகும். பூண்டு, ஆரிகனோ, மிளகாய்த் தூவல், பதப்படுத்திய பாலாடைக்கட்டி ஆகியவை சேர்க்கப்படுகின்றன. நாடாப் பாஸ்தாவுக்கு மாற்றாகக் குழல் வடிவப் பென்னே பாஸ்தா பயன்படுவதே மிகுதி.

தமிழ்நாட்டில்

சென்னையிலும் அதன் தென்புறநகர்ப் பகுதிகளிலும் இவ்வுணவு ஆல்ஃபிரெடோ என்றும், "ஒயிட் சாஸ் சிக்கன் பாஸ்தா" என்றும் விற்கப்படுகிறது. சென்னைக் கடற்கரை - செங்கல்பட்டு புறநகர் இருப்புப்பாதையில் கூடுவாஞ்சேரிக்கும் காட்டாங்குளத்தூருக்கும் இடையே அமைந்துள்ள பொத்தேரி, இதற்கு ஒரு நல்ல எடுத்துக்காட்டு ஆகும். எஸ்.ஆர்.எம். பல்கலைக்கழக வளாகம் இங்குத் தொடர்வண்டி நிலையத்தை ஒட்டியே உள்ளதால், இந்தியாவின் பல மாநில மாணவர்கள் இப்பகுதியில் வசிக்கின்றனர். ஜி.எஸ்.டி. சாலையை ஒட்டிய சிறு உணவகங்களில் பிரியாணி, பரோட்டா, ஃபிரைடு ரைஸ் ஆகியவற்றுடன் பாஸ்தாவும் இடம்பெறுகிறது.

விலை குறைந்த உணவகங்கள் மைதா சாஸை விரும்புவதற்குக் காரணங்கள் உள்ளன. பால் எங்கும் கிடைப்பது. பாலேட்டை விட மலிவானது. மேலும் மைதா சேர்ந்த சாஸ் மீண்டும் சூடாக்கினாலும் எளிதில் திரிவதில்லை. எனவே இதனை ஏமாற்று எனக் கருதுவதற்கில்லை. இது தனியொரு வகை. ஆனால் இதனை உண்டு பழகியவர் இணையத்தில் கிடைக்கும் அமெரிக்கச் செய்முறையைப் பின்பற்றினால், விலையுயர்ந்த பொருட்களை வாங்கியும் தாம் தேடிய சுவையை அடைய இயலாது.

உண்ட வகையை அறிதல்

ஆறிய பின் சாஸ் கூழ்போல் இறுகி மேலே ஏடு படிந்தால் அது மைதா சேர்ந்தது. ஆறும்போது ஓரங்களில் நெய் பிரிந்து மினுமினுத்தால் பாலேடு சேர்ந்ததாக இருக்கலாம். தட்டில் சாஸ் தேங்காமல் பாஸ்தாவின் மேல் மட்டும் மெல்லியதாகப் பூசியிருந்தால் அது உரோம் முறைக்கு நெருங்கியது. இவற்றுள் எதுவெனக் கடையிலேயே கேட்டறிவது இன்னும் எளிது.

சாஸ் திரிவதற்கான காரணங்கள்

வீட்டுச் சமையலில் மிகுதியாக நேரும் தவறு சாஸ் திரிந்துபோவது ஆகும். இதற்கான காரணம் வகைக்கு வகை மாறுபடும்.

உரோம் முறையில், கொதிக்கும் வாணலியில் பாலாடைக்கட்டியைப் போட்டால் அதிலுள்ள புரதங்கள் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியாகின்றன. அடுப்பிலிருந்து இறக்கிய பின்னரே அதனைச் சேர்க்கவேண்டும்.

அமெரிக்க முறையில் பாலேட்டின் கொழுப்பு அளவு முக்கியமானது. அமெரிக்க விதிகளின்படி அங்கு விற்கப்படும் கெட்டிப் பாலேட்டில் குறைந்தது 36 விழுக்காடு கொழுப்பு இருக்கவேண்டும். இந்தியக் கடைகளில் பொதியில் கிடைக்கும் பாலேடு பெரும்பாலும் 25 விழுக்காட்டுக் கொழுப்பு உடையது. இதனை நீண்டநேரம் கொதிக்க விட்டாலோ, எலுமிச்சைச் சாறு சேர்த்தாலோ திரியக்கூடும். எனவே மெல்லிய தீயில் சூடேற்றினால் போதும்.

இந்திய முறையில் சாஸ் பொதுவாகத் திரிவதில்லை. கட்டி தட்டுவதே சிக்கல். மைதா மணிகள் வெண்ணெயில் தனித்தனியே பூசப்படும் முன்பே பால் ஊற்றினாலோ, பாலை ஒரே தடவையில் கொட்டினாலோ கட்டி விழும்.

தேவையான பொருட்கள்

இந்திய முறையில் இருவருக்கு:

பென்னே அல்லது ஃபெட்டுச்சினி - 200 கிராம்
எலும்பில்லாத கோழி நெஞ்சுக்கறி - 250 கிராம்
வெண்ணெய் - 30 கிராம்
மைதா - 20 கிராம்
குளிர்ந்த பால் - 400 மி.லி.
துருவிய பாலாடைக்கட்டி - 50 கிராம்
பூண்டு - 4 பல்
எண்ணெய் - 1 மேசைக்கரண்டி
மிளகுத்தூள், ஆரிகனோ, மிளகாய்த் தூவல், உப்பு - தேவையான அளவு

டூரம் கோதுமை ரவையில் செய்த பாஸ்தா எளிதில் குழைவதில்லை. உறையில் இதனைப் பார்த்து வாங்கலாம். பால் 6 விழுக்காட்டுக் கொழுப்புடைய நிறைகொழுப்புப் பாலாக இருப்பின் சாஸ் செறிவாக அமையும். கறிக்கோழியே இம்முறைக்கு ஏற்றது. நாட்டுக்கோழிக் கறி வேக நெடுநேரம் பிடிப்பதால் வாணலியில் சில நிமிடங்கள் வாட்டுவது அதற்குப் போதாது.

செய்முறை

ஒரே ஓர் அடுப்பு மட்டும் உள்ள விடுதி அறையிலும் செய்யத்தக்க வரிசையில் இம்முறை தரப்பட்டுள்ளது.

1. கோழிக்கறியை ஏறத்தாழ ஒன்றரை செ.மீ. சீரான தடிமனில் வெட்டி, உப்பும் மிளகும் தடவிக் குளிர்பெட்டியில் 30 நிமிடம் வைக்கவேண்டும்.

2. 2 லிட்டர் நீரில் 20 கிராம் உப்பிட்டுக் கொதிக்கவைத்து, உறையில் குறிப்பிட்ட நேரத்தை விட ஒரு நிமிடம் குறைவாகப் பாஸ்தாவை வேகவைக்கவேண்டும். வடிக்கும் முன் ஒரு குவளை நீரை எடுத்து வைக்கவேண்டும்.

3. கறியின் மேலுள்ள ஈரத்தை நன்கு துடைத்துவிட்டு, எண்ணெய் காய்ந்த வாணலியில் பக்கத்துக்கு 3 முதல் 5 நிமிடம் வாட்டவேண்டும். ஈரம் இருந்தால் கறி ஆவியில் வேகுமே தவிரப் பொன்னிறமாகச் சிவக்காது. வெந்ததும் எடுத்து 5 நிமிடம் ஆறவைத்து நறுக்கவேண்டும்.

4. வாணலியைக் கழுவாமல், தீயைக் குறைத்து அதிலேயே வெண்ணெயை உருக்கிப் பூண்டை வதக்கவேண்டும். மைதாவைச் சேர்த்துப் பச்சை வாசனை போகும்வரை, ஏறத்தாழ 2 நிமிடம், நிறம் மாறாமல் வறுக்கவேண்டும்.

5. குளிர்ந்த பாலைச் சிறிது சிறிதாக ஊற்றி இடைவிடாது கிளறவேண்டும். கொதி வந்தபின் 4 அல்லது 5 நிமிடத்தில் சாஸ் கரண்டியின் பின்புறத்தில் படியும் பதம் வரும்.

6. அடுப்பை அணைத்துப் பாலாடைக்கட்டியைக் கலக்கவேண்டும். பின் பாஸ்தா, கறி ஆகியவற்றைச் சேர்த்து, எடுத்துவைத்த நீரைத் தேவைக்கேற்ப ஊற்றித் தளர்த்தவேண்டும். மிளகு, ஆரிகனோ, மிளகாய்த் தூவல் தூவி உடனே பரிமாறலாம்.

உணவகச் சுவைக்குரிய வேறுபாடு பெரும்பாலும் நான்காம் படியில்தான் உள்ளது. கறி வாட்டியபோது வாணலியின் அடியில் ஒட்டிய பழுப்புநிறப் படிவு சாஸில் கரைந்து கறியின் மணத்தை அதற்குத் தருகிறது. கறியையும் சாஸையும் தனித்தனிப் பாத்திரங்களில் செய்தால் இது கிடைப்பதில்லை. படிவு கருகியிருந்தால் மட்டும் வாணலியைக் கழுவிவிட வேண்டும். கடைகளில் கிடைக்கும் வெண்ணெயும் பாலாடைக்கட்டியும் பெரும்பாலும் உப்பிட்டவை என்பதால், சாஸை இறுதியில் சுவைத்துப் பார்த்தே உப்பிடுதல் நன்று.

பாலாடைக்கட்டி குறித்த கவனம்

பார்மிஜானோ ரெஜானோ பசும்பால், உப்பு, கன்றின் இரைப்பையிலிருந்து பெறப்படும் உறைநொதி (ரெனெட்) ஆகியவற்றால் செய்யப்பட்டுக் குறைந்தது 12 மாதங்கள் முதிரவிடப்படுகிறது. ஆகவே கோழி உண்பவராயினும் மாட்டிறைச்சியைத் தவிர்ப்போர் இதனை அறிந்திருத்தல் நலம். பச்சைக் குறியிட்ட இந்தியப் பாலாடைக்கட்டிகளில் விலங்கு உறைநொதி இருக்காது. ஐரோப்பிய ஒன்றியத்தில் "பார்மெசான்" என்ற பெயரைப் பிறர் பயன்படுத்தலாகாது என ஐரோப்பிய நீதிமன்றம் 2008இல் தெளிவுபடுத்தியது. ஐரோப்பாவுக்கு வெளியே பல நாடுகளில் அப்பெயர் வேறு பாலாடைக்கட்டிகளுக்கும் வழங்குகிறது.

பாதுகாப்பு

கோழிக்கறியின் நடுப்பகுதி 74 பாகை செல்சியசு வெப்பநிலையை எட்டவேண்டும் என அமெரிக்க வேளாண்மைத் துறை பரிந்துரைக்கிறது. வெப்பமானி இல்லாதோர், தடித்த பகுதியை வெட்டி உள்ளே இளஞ்சிவப்பு நிறம் இல்லாததையும் சாறு தெளிவாக இருப்பதையும் பார்க்கலாம். எனினும் நிறத்தை மட்டும் கொண்டு உறுதிசெய்ய முடியாது. பச்சைக் கறியைக் குழாய்நீரில் தெறிக்கும்படி கழுவினால் அதிலுள்ள நுண்ணுயிரிகள் அருகிலுள்ள பாத்திரங்களுக்குப் பரவும். கழுவும் வழக்கமுடையோர் பாத்திரத்து நீரில் மெல்ல அலசி, பின்னர்க் கைகளையும் வெட்டுப்பலகையையும் சோப்பிட்டுக் கழுவவேண்டும்.

பாலும் கறியும் சேர்ந்த இவ்வுணவு விரைவில் கெடும். சமைத்த உணவை அறை வெப்பநிலையில் 2 மணி நேரத்துக்கு மேல் வைக்கலாகாது என்பது பொதுவான அறிவுரை. வெப்பம் 32 பாகை செல்சியசைக் கடக்கும் இடங்களில் இக்கால அளவு 1 மணி நேரமாகும். சென்னைப் புறநகர்களின் கோடைகாலத்துக்கு இரண்டாவது அளவே பொருந்தும். எனவே குளிர்பெட்டி இல்லாத அறைகளில் வசிப்போர், ஒரு வேளைக்குத் தேவையான அளவு மட்டும் செய்வது நல்லது. எஞ்சியதைக் குளிர்பெட்டியில் வைத்திருந்தால், சிறிது பால் சேர்த்து மெல்லிய தீயில் கிளறி, ஆவி பறக்கும்வரை முழுவதும் சூடாக்கிய பின்னரே உண்ணவேண்டும்.