கட்சி தாவிய கவுன்சிலர்... முடிவு இழுத்தடிச்சா கோர்ட் என்ன செய்யும்?

ஒரு கட்சி சின்னத்துல ஜெயிச்சுட்டு, தலைவர் தேர்தல்ல எதிரணிக்கு ஓட்டு போடும் கவுன்சிலர் பதவி பறிபோகுமா? அரசியல் சாசனத்தின் 10-வது அட்டவணை எம்.பி., எம்.எல்.ஏ.க்களுக்கு மட்டும்தான். உள்ளாட்சிக்கு மாநிலச் சட்டம் வேணும். கேரளாவில் 1999-லேயே அப்படியொரு சட்டம் வந்துவிட்டது. அங்கே புகாரை விசாரிப்பது மாநிலத் தேர்தல் ஆணையம். தாவல் உறுதியானால் பதவி காலி. 6 ஆண்டுகள் உள்ளாட்சித் தேர்தலில் நிற்கவும் முடியாது.

சிக்கல் என்னன்னா, பதவிக்காலமே 5 வருஷம்தான். விசாரணை இழுத்துக்கிட்டே போனா, தாவியவர் அதுவரை உறுப்பினராகவே ஓட்டு போடுவார். (பலருக்கு அதுதானே வேணும்!) அப்போ புகார் கொடுத்தவர் 226-வது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். பொதுவாக நீதிமன்றம் தானே தகுதிநீக்கம் செய்யாது; இத்தனை நாளுக்குள் முடிவெடுங்கள் என ஆணையத்துக்கு உத்தரவிடலாம். எம்.எல்.ஏ. விவகாரத்தில், 2020 மணிப்பூர் வழக்கில் சபாநாயகருக்கு உச்ச நீதிமன்றம் சொன்ன கெடு 3 மாதம்.