சியூஸின் அடைமொழிகளும் கிரேக்க சமுதாயமும்

பண்டைக் கிரேக்கர் தம் கடவுளரைப் பெயரால் மட்டும் அழைத்தாரல்லர்; பெயரோடு அடைமொழியொன்றையும் சேர்த்தே பெரும்பாலும் வழிபட்டனர். இவ்வடைமொழிகளை வெறும் அலங்காரமெனக் கொள்ளுதல் பொருந்தாது. ஹோமரின் காவியங்களில் சியூஸ் 'முகில் திரட்டுவோன்' எனப்படுவதற்கு யாப்பின் தேவையும் ஒரு காரணமென்பதை மில்மன் பரி 1928இல் வெளியிட்ட ஆய்வுகளில் எடுத்துக்காட்டினார். ஆனால், பலிபீடத்தின் முன் வழங்கிய அடைமொழி வாழ்க்கைத் தேவையினின்று பிறந்தது.

சியூஸ் என்னும் பெயரின் வேர் ஒளிரும் வானைக் குறிப்பது. வேதங்களிற் காணப்படும் 'த்யௌஸ்' என்பதும் அவ்வேரினின்று தோன்றியதே. எனினும், வழிபட்டோர் நாடியது இவ்வேர்ப்பொருளையன்று. வீட்டு முற்றத்தைக் காக்கும் சியூஸ் 'ஹெர்கெய்யோஸ்' எனப்பட்டான். ஏதென்ஸில் ஆர்க்கோன் பதவிக்குத் தெரிவானவரிடம், முற்றத்துச் சியூஸின் வழிபாட்டிடம் அவருக்கு உண்டா, அஃது எங்குளது என வினவப்பட்டது. அடைமொழி இங்கு குடியுரிமைக்குச் சான்றாகின்றது.

பெயர் ஒன்றாயினும் அடைமொழி வேறாயின் வழிபாடும் வேறாகும். கி.மு. 399இல் படையெடுப்பு முடிந்து மீண்ட செனபோன் பொருளின்றித் தன் குதிரையையும் விற்க நேர்ந்தது. அரசனாகிய சியூஸுக்கு அவன் பலியிட்டிருந்தும், சாந்தமுடையோனாகிய 'மெய்லிக்கியோஸ்' சியூஸை மறந்தமையே இடர்க்குக் காரணமெனக் குறிசொல்வோனொருவன் கூறினான். மறுநாள் செனபோன் தன் முன்னோர் வழக்கப்படி பன்றிகளை முழுமையாக எரித்துப் பலியிட்டான். அன்றே பொருள் வந்து சேர்ந்ததென அவனே எழுதியுள்ளான்.

அடைமொழியின் அரசியற் பயன் 'எலூதேரியோஸ்', அதாவது விடுதலை அளிப்போன், என்னும் பெயரில் தெளிவாகின்றது. கி.மு. 479இல் பிளாத்தேயாவில் பாரசீகரை வென்ற ஸ்பார்ட்டத் தளபதி பௌசானியஸ், அந்நகரின் சந்தைவெளியிலே இச்சியூஸுக்குப் பலியிட்டு, பிளாத்தேயரின் சுதந்திரத்தை உறுதிசெய்தான். ஐம்பது ஆண்டுகளின் பின் ஸ்பார்ட்டாவின் படையே அந்நகர்மீது வந்தபோது, பிளாத்தேயர் அப்பலியை நினைவூட்டி முறையிட்டனரெனத் துசிடிடீஸ் கூறுவர். முறையீடு பயனளிக்கவில்லை. கி.மு. 427இல் நகர் வீழ்ந்தது. சரணடைந்த வீரர் கொல்லப்பட்டனர்.

பின்னர் கி.பி. 67இல் உரோமப் பேரரசன் நீரோ கிரேக்கருக்குச் சுதந்திரம் வழங்குவதாக அறிவித்தான். பிளாத்தேயா அமைந்த அதே பியோத்தியாவிலுள்ள அக்கிரைபியா என்னும் நகரின் கல்வெட்டொன்று நீரோவையே 'விடுதலை அளிக்கும் சியூஸ்' எனப் போற்றுகின்றது. அந்நியப் பேரரசை முறியடித்தமைக்காகக் கடவுளுக்குச் சூட்டிய பெயரை இன்னொரு பேரரசின் தலைவன் பெற்றான். அவன் அளித்த சுதந்திரத்தையும் வெஸ்பாசியன் விரைவிலேயே நீக்கிவிட்டான்.

அடைமொழியின் சொற்பொருள் மாறவில்லை. அதனை வழங்குவோரின் நிலையே மாறியது. பிளாத்தேயாவில் வென்றோரின் பெருமிதமாக ஒலித்த சொல், அக்கிரைபியாவில் ஆளப்பட்டோரின் நன்றியுரையாயிற்று. ஆகவே, கடவுட் பெயர்களை ஆராய்வோர் அவற்றின் வேர்ச்சொல்லோடு நின்றுவிடாது, யார், எப்போது, எத்தேவை கருதி அப்பெயரை உச்சரித்தனர் என்பதையும் நோக்குதல் வேண்டும்.